சின்னவனைக் கூப்பிடாத அம்மா

போன வருடம், தீபாவளிக்குக் கொஞ்ச நாள் முன்பு. கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு புடவைக் கடை வாசலில் நின்றுகொண்டிருந்தேன். என் கணவர் கார் நிறுத்த இடம் கிடைக்காமல் அந்தத் தெருவையே சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்தார். நடைபாதை முழுக்கப் பண்டிகைக் கடைகள், பாட்டுச் சத்தம், முறுக்கு பொரியும் வாசனை. அந்த நெரிசலில் ஒரு பெண் அசையாமல் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

எனக்கு அது அப்போது பழகிப்போயிருந்தது. பெட்டாலிங் ஜெயாவில் ஒரு அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். கோயில் விழா மேடைகளில் நாடகம் போட்டதைத் தவிர எனக்கும் நடிப்புக்கும் சம்பந்தம் கிடையாது. அப்படி ஒரு மேடையில் என்னைப் பார்த்த இளம் இயக்குநர் ஒருவர், தான் எடுக்கப்போகும் தொலைக்காட்சி நாடகத்தில் அம்மா வேடத்துக்குக் கூப்பிட்டார். வேலையில்லாமல் வீட்டில் இருந்த நேரம். சரி என்று போனேன்.

நாடகத்தின் கதை இதுதான். ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டிச் சேர்த்த காசில் ஒருவர் கொஞ்சம் நிலம் வாங்கி, செம்பனை என்கிற எண்ணெய்ப்பனையை நட்டுவிட்டுச் சாகிறார். இரண்டு மகன்கள். பெரியவன் அம்மாவோடு இருந்து நிலத்தைப் பார்த்துக்கொள்கிறான். சின்னவன் வெளியூரில் வேலை செய்கிறான். நிலத்தைப் பிரித்தால் குடும்பமே பிரிந்துவிடும் என்று நம்பும் அம்மா, சின்னவனை வரவழைத்து அவனுடைய பங்கை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட வைக்கிறாள். அவன் கோபித்துக்கொண்டு போய்விடுகிறான். பெரியவன் செய்வது தவறு என்று தெரியும்போதும் அவள் அவன் பக்கமே நிற்கிறாள். அந்த அம்மாதான் நான்.

நாடகம் ஒளிபரப்பாக ஆரம்பித்த பிறகு வெளியே தலைகாட்ட முடியவில்லை. மார்க்கெட்டில் காய்கறி விற்கும் அம்மாள் தராசைக் கீழே வைத்துவிட்டு என்னை நியாயம் கேட்டார். வாழையிலைச் சாப்பாட்டுக் கடையில் பரிமாறிய பையன், "சின்ன மவனுக்கு ஒரு வாய் சோறு போட மாட்டீங்க, நீங்க மட்டும் நல்லா சாப்புடுறீங்க ஆன்டி" என்றான். எனக்குச் சிரிப்பாக இருந்தது. உள்ளுக்குள் பெருமையாகவும் இருந்தது என்பதை மறைப்பானேன்.

அதனால் அந்தப் பெண் பக்கத்தில் வந்தபோது, ஒன்று திட்டப்போகிறார், அல்லது செல்பி கேட்கப்போகிறார் என்று நினைத்து, தலைமுடியைச் சரிசெய்துகொண்டேன். அவர் இரண்டையும் செய்யவில்லை. ஒரு பேரங்காடியின் சீருடை போட்டிருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கலாம். கையிலிருந்த பையில் பெரியவர்களுக்கான டயாப்பர் பொட்டலம் தெரிந்தது.

"அக்கா, நாடகத்துல அம்மாவா வரது நீங்கதானே? என் வீட்டுக்காரருக்கு முடியல. உங்கள ஒரு தடவ பாக்கணும்னு சொல்றாரு. ஏதோ கேக்கணுமாம்."

என்ன கேட்க வேண்டும் என்றேன். அவருக்கும் தெரியவில்லை. கேஎல் சென்ட்ரல் ரயில் நிலையப் பேரங்காடியில் காசாளராக இருப்பதாகவும், தினமும் கிள்ளானிலிருந்து ரயிலில் வந்து போவதாகவும் சொன்னார். கணவருக்கு ஈரலில் புற்றுநோய். மருத்துவமனையில் இனி செய்ய ஒன்றும் இல்லை என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்களாம். இதைச் சொல்லும்போது அவர் குரல் உடையவில்லை. பலரிடம் பல தடவை சொன்ன குரல் அது. என் தொலைபேசி எண்ணை வாங்கிக்கொண்டு, ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று போய்விட்டார்.

காரில் ஏறியதும் என் கணவரிடம் சொன்னேன். முன்பின் தெரியாதவர் வீடு, சாகக் கிடக்கும் மனிதர், நான் போய் என்ன சொல்லப்போகிறேன் என்று தயங்கினேன். அவர் ரோட்டைப் பார்த்துக்கொண்டே, "கிள்ளான்தானே லா. ஞாயித்துக்கிழம போலாம்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் போனோம். பழைய அடுக்குமாடி வீடு. லிப்ட் ஓடவில்லை. நான்கு மாடி ஏறியதும் எனக்கு மூச்சு வாங்கியது. வீட்டுக்குள் நுழைந்தவுடனேயே கட்டில். தொலைக்காட்சி தெரிய வேண்டும் என்பதற்காகக் கட்டிலைக் கூடத்தில் போட்டிருந்தார்கள். அவருக்கு ஐம்பது வயதுகூட இருக்காது. லோரி ஓட்டியவர். அகலமான தோள்தான், ஆனால் சட்டை கொடியில் போட்டதுபோல் தொங்கியது. கண்ணெல்லாம் மஞ்சள். என்னைப் பார்த்ததும் எழுந்து உட்கார முயன்றார். மனைவி முதுகுக்குத் தலையணை வைத்துவிட்டார்.

"அக்கா, வாங்க. உங்கள அம்மான்னு கூப்பிட வராது. தப்பா நெனைக்காதீங்க."

உண்மையைச் சொன்னால், அவர் என்னை அம்மா என்றுதான் கூப்பிடுவார் என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்திருந்தேன். அதற்கு எப்படிப் பதில் சொல்வது, கையைப் பிடித்துக்கொள்வதா, தலையைத் தடவுவதா என்றெல்லாம் யோசித்து வைத்திருந்தேன். அத்தனையும் அந்த ஒரு வார்த்தையில் உதவாமல் போயிற்று. "தம்பின்னே கூப்பிடுறேன்" என்றேன். இங்கேயும் அவரைத் தம்பி என்றே சொல்கிறேன்.

என் கணவர் மரியாதைக்கு ஒரு வார்த்தை விசாரித்துவிட்டு, வாசல் பக்கம் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். தம்பியின் மனைவி தேநீர் கொண்டுவந்தார். அதுவரை தம்பி எதுவும் கேட்கவில்லை. பிறகு அவராகவே சொல்ல ஆரம்பித்தார்.

அவருடைய அப்பாவும் கேரி தீவில் தோட்டத்தில் வேலை செய்தவர். பந்திங் பக்கம் ஒரு கம்பத்தில், அதாவது கிராமத்தில், கொஞ்சம் நிலம் வாங்கிச் செம்பனை போட்டிருந்தார். அப்பா போன பிறகு, நிலத்தைக் கூடவே இருந்து பார்த்துக்கொண்ட அண்ணன் பெயருக்கு மாற்ற வேண்டும் என்று அம்மா தீர்மானித்துவிட்டார். தம்பி சண்டை போட்டார். அம்மாவைப் பார்த்துச் சொல்லக் கூடாத வார்த்தையும் சொன்னார். கடைசியில் நில அலுவலகத்துக்குப் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு, வெளியே வந்து அண்ணனிடமும் அம்மாவிடமும் ஒன்றும் பேசாமல் லோரியை எடுத்துக்கொண்டு வந்தவர்தான். அதன் பிறகு அந்த வீட்டுக்குப் போகவில்லை.

"அப்புறம் அம்மா படுத்துட்டாங்க. ரொம்ப நாள் கெடந்தாங்க. ஒரு போன் வரல அக்கா. செத்ததுக்கு அப்புறம்தான் சொல்லி விட்டாங்க. நான் போகல."

அதைச் சொன்னபோது அவர் மனைவி குனிந்து தேநீர்க் கோப்பைகளை எடுத்துக்கொண்டிருந்தார்.

"இப்ப நாடகத்துல உங்களுக்கும் முடியாம போயிருச்சுல்ல. டாக்டர் எனக்குச் சொன்ன கணக்குக்கு, நான் முடிவப் பாக்க முடியாது. அதான் கேக்குறேன். கடைசில அந்த அம்மா சின்னவனக் கூப்பிடுறாங்களா?"

இதற்காகவா கூப்பிட்டார் என்று ஒரு கணம் திகைத்தேன். முடிவை யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று நான் கையெழுத்துப் போட்டிருந்தேன். அவர் முகத்தைப் பார்த்தபடி அதை நினைத்ததற்கே எனக்கு வெட்கமாக இருந்தது. கடினமான விஷயம் அது இல்லை. முடிவு எனக்குத் தெரியும். கடைசிக் காட்சி எப்போதோ எடுத்து முடிந்துவிட்டது. கேரி தீவுக்குப் போகும் வழியில் ஒரு பழைய பலகை வீட்டில் எடுத்தோம். நான் கட்டிலில் கிடக்கிறேன். பெரியவன் பக்கத்தில் வந்து, "தம்பிக்குச் சொல்லி விடவாம்மா?" என்று கேட்கிறான். நான் ஒன்றும் சொல்லாமல் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்கிறேன். அவ்வளவுதான். அப்படியே உயிர் போகிறது.

கட்டிலின் தலைமாட்டில், தம்பிக்குத் தெரியாதபடி, அவர் மனைவி வந்து நின்றார். என் கண்ணைப் பார்த்துத் தலையை மெதுவாக ஆட்டினார். கூப்பிடுகிறாள் என்று சொல்லுங்கள், அக்கா. வாய் திறக்காமலே அப்படிக் கெஞ்சினார். அதில் என்ன தவறு? நாடகம்தானே. முடிவு வரும்போது இவர் இருக்கப்போவதில்லை. நானும் சொல்லிவிடத்தான் வாயைத் திறந்தேன்.

தம்பி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பல மாதமாக, வாரத்தில் ஐந்து நாள், அந்தக் கட்டிலில் கிடந்தபடி இந்த முகத்தைப் பார்த்து வந்தவர். என் கண் எப்போது கலங்கும், உதடு எப்போது இறுகும் என்று என்னைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். அவரிடம் என்னால் நடிக்க முடியவில்லை.

"கூப்பிடல தம்பி" என்றேன்.

மனைவி சமையற்கட்டுக்குள் போய்விட்டார். குழாயைத் திறந்துவிடும் சத்தம் கேட்டது. வாசலில் என் கணவர் திரும்பிப் பார்த்தார். சாகக் கிடப்பவனுக்கு ஒரு நல்ல வார்த்தை சொல்லத் துப்பில்லையே என்று என்னையே நொந்துகொண்டேன்.

தம்பி பார்வையை மின்விசிறிக்குத் திருப்பினார். "சரியாத்தான் எழுதிருக்காங்க" என்றார். "கூப்பிட்டாங்கன்னு காட்டிருந்தா பொய்னு நெனச்சிருப்பேன்."

பிறகு கேட்டார்: "அந்த நேரத்துல அவங்களுக்கு எப்படி இருந்துச்சு அக்கா? உங்களுக்குத் தெரியும்ல?"

அதை யாரும் என்னிடம் கேட்டதில்லை. அந்தக் காட்சியில் என் முகமே தெரியாது. முதுகு மட்டும்தான் தெரியும், நடிக்க வேண்டியதில்லை, திரும்பிப் படுத்தால் போதும் என்று இயக்குநர் சொல்லியிருந்தார். ஆனால் சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தபோது எனக்கு என்னவோ ஆகிவிட்டது. தலையணை நனைந்துபோய், அடுத்த டேக் எடுப்பதற்கு முன்னால் உறையை மாற்ற வேண்டியிருந்தது. ஏன் அழுதேன் என்று நான் யாரிடமும் சொல்லவில்லை. தம்பியிடம் சொன்னேன்.

"கூப்பிடக் கூடாதுன்னு இல்ல தம்பி. வாயத் தொறந்தா அவன் பேருதான் வரும். வந்துட்டா, அத்தன வருசம் செஞ்சது எல்லாம் தப்புன்னு ஆயிரும். அதான் பல்லக் கடிச்சிக்கிட்டுக் கெடந்தேன்."

சொன்ன உடனே பயமாகிவிட்டது. இவருடைய அம்மாவைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? "அது நான் நெனச்சது தம்பி. உங்கம்மா மனசுல என்ன இருந்துச்சுன்னு எனக்குத் தெரியாது" என்றும் சேர்த்துச் சொன்னேன்.

"எனக்குத் தெரியும் அக்கா" என்றார். "லேண்ட் ஆபீஸ்ல நான் கையெழுத்துப் போடுறப்ப அம்மா எதிர்ல நின்னாங்க. இந்த எடம் அப்படியே இறுகிப் போச்சு." தன் தாடையைத் தொட்டுக் காட்டினார். "கோவம்னு நெனச்சேன். இத்தன வருசமும் கோவம்னுதான் நெனச்சிக்கிட்டு இருந்தேன்."

தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். அவர் அழட்டும் என்று நான் எழுந்து நின்றேன். கிளம்பிவிடலாம் என்று என் கணவருக்கு ஜாடை காட்டினேன். துண்டுக்குள்ளிருந்தே தம்பி, "இருங்க அக்கா" என்றார். பிறகு மனைவியைக் கூப்பிட்டு, "அண்ணனுக்குப் போன் போடு" என்றார்.

அந்தப் பெண் ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்து தொலைபேசியை எடுத்தார். எண்ணைத் தேடவில்லை. மனப்பாடமாக அழுத்தினார். தம்பி அதைக் கவனித்தார். மணி போய்க்கொண்டே இருந்தது. யாரோ எடுத்தார்கள். மனைவி ஒலிபெருக்கியைப் போட்டுத் தம்பியின் நெஞ்சின்மேல் தொலைபேசியை வைத்தார்.

"அண்ணே" என்றார் தம்பி.

அந்தப் பக்கம் சேவல் ஒன்று கூவுவதும் தூரத்தில் மோட்டார் சைக்கிள் போவதும் கேட்டன. துண்டித்துவிடுவாரோ என்று நான் பயந்தேன். நாங்கள் நால்வரும் அந்தத் தொலைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"சாப்டியா?" என்றது குரல்.

"கஞ்சி குடிச்சேன்."

"ம்."

மனைவிதான் தொலைபேசியை எடுத்து, வீட்டு மாடி எண்ணைச் சொன்னார். நாங்கள் கிளம்பினோம். படியிறங்கும்போது என் கணவர் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார். அவர் அப்படி எப்போதும் பிடிப்பவர் இல்லை.

மறுநாளே அண்ணன் வந்துவிட்டதாகத் தம்பியின் மனைவி அழைத்துச் சொன்னார். வந்தவர் திரும்பிப் போகவில்லையாம். தம்பியைத் தூக்கி உட்கார வைப்பது, குளிப்பாட்டுவது எல்லாம் அவர்தானாம். அந்த வருடத் தீபாவளிக்கு அந்த வீட்டில் விளக்கு மட்டும் ஏற்றினார்கள். அதன்பின் சில நாட்களில் தம்பி இறந்துவிட்டார். நாடகம் முடிய இன்னும் ஒரு வாரம் இருந்தது.

செய்தி கேட்டதும் நானும் கணவரும் போனோம். அடுக்குமாடியின் கீழே பந்தல் போட்டிருந்தார்கள். வந்திருந்தவர்களில் சிலர் என்னை அடையாளம் கண்டு தங்களுக்குள் பேசிக்கொண்டார்கள். வந்திருக்கக் கூடாதோ என்று ஓரமாக நின்றேன். அப்போது நரைத்த மீசை வைத்த ஒருவர் என்னைத் தேடி வந்தார். அண்ணன்தான் என்று பார்த்ததுமே தெரிந்தது. அதே அகலமான தோள்.

"நீங்க வந்துட்டுப் போனத தம்பி சொன்னான்" என்றார். பிறகு என்னைப் பந்தலுக்கு வெளியே, கார்கள் நிற்கும் பக்கமாக அழைத்துக்கொண்டு போனார். எதற்கு என்று எனக்குப் புரியவில்லை.

"எங்கம்மா கூப்பிட்டாங்க அக்கா."

எனக்கு முதலில் விளங்கவில்லை.

"படுத்துக் கெடந்தப்ப, சின்னவன வரச் சொல்லு, வரச் சொல்லுன்னு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. சொல்லிட்டேம்மா, அவன் வர மாட்டேங்குறான்னு பொய் சொன்னேன். அவன் வந்தா அம்மா மனசு மாறி, கெரான்ல அவன் பேரையும் சேக்கச் சொல்லுவாங்களோன்னு பயந்தேன். நான் பாடுபட்ட எடம்னு நெனச்சேன்." கெரான் என்று நாங்கள் சொல்வது நிலப்பட்டாவை.

அவர் தரையைப் பார்த்துப் பேசினார். நாடகத்தில் அண்ணன் கேட்கிறான், அம்மா திரும்பிக்கொள்கிறாள். உண்மையில் அம்மா கேட்டிருக்கிறாள், அண்ணன் மறைத்திருக்கிறார். எழுதியவருக்கோ நடித்த எனக்கோ இப்படி ஒன்று தோன்றவே இல்லை.

"தம்பிகிட்ட சொல்லிட்டீங்களா?" என்று மட்டும் கேட்டேன்.

"சொல்லிட்டேன். போன வாரம் குளிப்பாட்டுறப்ப சொன்னேன். அடிப்பான், இல்லாட்டி வெளிய போன்னு சொல்லுவான்னு நெனச்சேன். அவன், ‘நான் வந்தேண்ணே’ன்னான். அம்மாவத் தூக்குன அன்னிக்கு லோரிய ரோட்டு முனையில நிறுத்திட்டு உள்ளயே உக்காந்து பாத்திருக்கான். எனக்குத் தெரியாது. அம்மாவ ஏத்துன வண்டி அவனத் தாண்டித்தான் போயிருக்கு."

முகத்தைக் கையால் துடைத்துக்கொண்டார். "பாதிய அவன் பேருக்கு எழுதிக் குடுக்கணும்னு இப்ப நெனைக்கிறேன். வாங்கிக்க அவன் இல்ல" என்றார். யாரோ கூப்பிட்டார்கள். தம்பிக்குக் காரியம் செய்ய வேண்டியவர் அவர்தான். வேட்டியைச் சரிசெய்துகொண்டு உள்ளே போனார்.

அந்தப் பாதியைத் தம்பியின் மனைவி பெயருக்கு மாற்ற இருவரும் நில அலுவலகத்துக்கு அலைந்துகொண்டிருப்பதாகப் பிறகு கேள்விப்பட்டேன். முடிந்ததா என்று கேட்கவில்லை. அது என் வேலையும் இல்லை.

அடுத்த வாரம் கடைசிப் பகுதி ஒளிபரப்பானது. நானும் என் கணவரும் பார்த்தோம். நான் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தபோது, தொலைக்காட்சியில் தெரிந்தது ஒரு முதுகும் ஒரு போர்வையும்தான். அதன் அந்தப் பக்கம் என்ன நடந்தது என்று தெரிந்த ஒருவர் இப்போது இல்லை.

தம்பியிடம் உண்மையைச் சொன்னது சரியா என்று இன்னும் எனக்குத் தெரியாது. கூப்பிட்டாள் என்று சொல்லியிருந்தால் அது அவருடைய அம்மா விஷயத்தில் உண்மையாகவே இருந்திருக்கும். ஆனால் அவர் அண்ணனை அழைத்திருக்க மாட்டார், அந்த உண்மை அவரிடம் வந்து சேர்ந்திருக்கவும் செய்யாது. இதை நினைக்கிற போதெல்லாம் ஒரு முடிவுக்கும் வர முடியவில்லை. ஒன்று மட்டும் என்னிடம் மாறியிருக்கிறது. கல்யாண வீட்டிலோ ஆஸ்பத்திரியிலோ ஒருவர் இன்னொருவரைப் பற்றி, "பார்த்தால் நான் கேட்டதாகச் சொல்லுங்கள்" என்று என்னிடம் சொன்னால், முன்பெல்லாம் சரி சரி என்று தலையாட்டிவிட்டு மறந்துவிடுவேன். இப்போது அன்றைக்கே தேடிப் பிடித்துச் சொல்லிவிட்டுத்தான் வேறு வேலை பார்க்கிறேன்.